நெய்க் கொப்பரையில் பிறந்தவன்

என் அண்ணன் லோசன் செத்து இரண்டு வருஷம் கழித்து, ஒரு மத்தியான வேளையில் எங்கள் குளத்துப் படியில் உட்கார்ந்து கால் கழுவிக்கொண்டிருந்தான்.

நான் மீன் கழுவப் போனவள். என்னைப் பக்கத்து ஊரில்தான் கொடுத்திருந்தது. அப்பாவுக்கு முடியாமல் போனதிலிருந்து பாதி நாள் பிறந்த வீட்டில்தான் கிடந்தேன். படியில் யாரோ சாமியார் உட்கார்ந்திருக்கிறார் என்று முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு ஒதுங்கினேன். அந்தத் தாடிக்காரன் தலையைத் தூக்கி என் கூடையைப் பார்த்தான்.

"பாகே, அந்த ரோகு நம்ம குளத்து மீனா?" என்றான்.

பாகேஸ்வரி என்கிற என்னைப் பாகே என்று கூப்பிட்டவர்கள் இந்த உலகத்தில் கொஞ்சம் பேர்தான். கூடை கையை விட்டுப் போய்விட்டது. மீன் படியில் சறுக்கித் தண்ணீருக்குள் விழுந்தது.

"யாரு நீ?"

"லோசன்டி."

"லோசனை எரிச்சாச்சு" என்றேன். வேறு ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை. அதுதான் உண்மையும்கூட.

அவன் வீட்டை விட்டுப் போனபோது கல்யாணமாகி மூன்று வருஷம். காசியில் வேதாந்தம் படித்துவிட்டு வந்தவன். பற்று விட்டுப்போன அன்றைக்கே கிளம்பிவிடலாம், நாள் நட்சத்திரம் பார்க்க வேண்டாம், யாரிடமும் உத்தரவு கேட்க வேண்டாம் என்று வேதாந்திகள் சொல்வார்கள் அல்லவா? எத்தனையோ பேர் அதைப் படித்துவிட்டு மத்தியானம் தயிரும் அவலும் சாப்பிட்டுத் தூங்குகிறார்கள். இவன் மட்டும் விடிவதற்குள் எழுந்து போய்விட்டான். முறையாகச் சந்நியாசமும் வாங்கவில்லை. வாங்கியிருந்தால் அண்ணியின் நிலைமை என்ன என்றாவது தெரிந்திருக்கும். பன்னிரண்டு வருஷம் அவள் வகிட்டில் குங்குமத்தோடு வாசலைப் பார்த்தாள்.

பன்னிரண்டு வருஷம் சேதி இல்லாதவனுக்கு என்ன செய்ய வேண்டும் என்று சாஸ்திரம் சொல்கிறதோ, அதை அப்பா செய்தார். தர்ப்பையால் ஓர் ஆள் கட்டினார்கள். தலைக்குத் தேங்காய், மேலே பலாச இலை. கமலா நதிக்கரையில் அப்பா கொள்ளி வைத்தார். அதற்குப் பிறகு அண்ணியின் வளையல்களை உடைத்து, குங்குமத்தை அழித்து, இலையிலிருந்து மீனை எடுத்தார்கள். மிதிலையில் மீன் இல்லாமல் சாப்பிடுகிறவர்கள் ஒன்று வைஷ்ணவர்கள், இல்லையென்றால் விதவைகள்.

அப்படி நாங்கள் தீர்த்துக்கட்டியவன்தான் இப்போது ஈரக் காலோடு என் பின்னால் நடந்து வந்தான். வழியெல்லாம் இருமினான். எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. வீட்டு வாசலுக்கு வந்ததும் "அப்பா, யார் வந்திருக்கான் பாருங்க" என்று கத்தினேன்.

அப்பா வெளியே கயிற்றுக் கட்டிலில் படுத்திருந்தார். ஹிதநாத் ஜா என்றால் எங்கள் ஜில்லாவில் தெரியாத ஆள் கிடையாது. வேதம் 'செய்' என்று சொல்வதை எப்படிப் புரிந்துகொள்வது, எது கட்டளை, எது வெறும் புகழ்ச்சி என்று பிரித்துச் சொல்லும் மீமாம்சையில் ஊறியவர். சடங்குதான் அவருக்குச் சாமி. அவர் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். தாடையெல்லாம் ஆடியது. கையை நீட்டி அவனை அணைத்துக்கொள்வார் என்று நினைத்தேன்.

"பாகே, இவரை மாட்டுக்கொட்டகைப் பக்கம் உட்காரச் சொல்லு. வாசப்படி தாண்ட வேண்டாம்" என்றார்.

"அப்பா, உங்க பிள்ளை."

"என் பிள்ளைக்கு நான் கொள்ளி வெச்சேன். ஊரைக் கூட்டிச் சாப்பாடு போட்டோம். நீதான் பரிமாறினே."

"கண்ணு முன்னாடி நிக்கறேனே அப்பா" என்றான் லோசன்.

"கண்ணு காட்டறதெல்லாம் நிஜமா? கயித்தைக்கூட அது பாம்புன்னு காட்டும். உங்க வேதாந்தத்துல முதல் பாடமே அதுதானே? மந்திரம் சொல்லி ஒரு காரியத்தைச் செஞ்சா, அது ஆனது ஆனதுதான். இல்லேன்னா மந்திரம் எதுக்கு?"

"ஆத்மாவுக்குச் சாவு கிடையாதே. அப்புறம் யாரை எரிச்சீங்க?"

"சரி. ஆத்மாவுக்குச் சாவில்ல. பசியில்ல, வீடுமில்ல. அப்படின்னா இந்த வீட்டுக்குள்ள வரணும்னு கேக்கறது யாரு?"

லோசன் கொட்டகைப் பக்கம் நடந்தான். பதினாலு வருஷம் கழித்து வந்த பிள்ளையிடம் பேசுகிற பேச்சா இது? ஆனால் நான் கொட்டகைக்குப் போகும்போது அப்பா மெதுவாகக் கூப்பிட்டார். "பால்ல மிளகு தட்டிப் போட்டுக் கொடு. இருமறான்" என்றார். 'இருமறார்' என்று சொல்ல மறந்துவிட்டார்.

அண்ணி அடுக்களையில் பருப்பில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். அவள் பேர் தாராவதி. அவள் அப்பாவும் பெரிய மீமாம்சைப் பண்டிதர், என் அப்பாவோடு ஒன்றாகப் படித்தவர். கதவுக்குப் பின்னால் நின்று வாதங்களைக் கேட்டே வளர்ந்தவள். எங்கள் வீட்டிலும் அப்பா ஏதாவது ஓர் இடத்தில் தடுக்கி நின்றால், வெளியிலிருந்தே "தாரா, இந்த இடத்துல உங்கப்பா என்னம்மா சொல்லுவார்?" என்று கேட்பார். அவள் உள்ளேயிருந்தே சொல்வாள்.

"அண்ணி, அண்ணா வந்துட்டான்" என்றேன்.

"எந்த அண்ணா?"

"எனக்கு எத்தனை அண்ணன் இருக்காங்க?"

அவள் கை நின்றது. எழுந்து ஜன்னல் கம்பி வழியாகக் கொட்டகையைப் பார்த்தாள். நான் அவள் முகத்தையே பார்த்தேன். அதில் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை.

"இருமல் எத்தனை நாளா?" என்று கேட்டாள். திரும்பி வந்து பருப்பின் முன்னால் உட்கார்ந்துவிட்டாள்.

அன்றைக்குச் சாயங்காலம் சோறு கொண்டுபோனபோது லோசனைக் கேட்டுவிட்டேன். கேட்காமல் இருக்க என்னால் முடியாது.

"ஏன்டா வந்தே?"

"எல்லாம் ஒண்ணுதான்னு புரிஞ்சுபோச்சு பாகே. காடும் வீடும் ஒண்ணுதான். அப்புறம் காட்டுல எதுக்கு இருக்கணும்?"

"கிளம்பறதுக்கு முன்னாடியே புரிஞ்சிருக்கக் கூடாதா? அவ்வளவு தூரம் நடந்து போயா புரிஞ்சுக்கணும்?"

அவன் சோற்றைப் பிசைந்தான். "தாரா எப்படி இருக்கா?"

"நீ செத்ததுக்கப்புறம் கொஞ்சம் இளைச்சுட்டா" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

நான்கு ஊர்ப் பண்டிதர்களும் கூடினார்கள். தலைமை பத்ரிநாராயண் மிசிர். தர்ம விஷயத்தில் அவர் வாயில் வெற்றிலையோடு ஒரு வார்த்தை சொன்னால் அதற்கு மேல் அப்பீல் கிடையாது. லோசனை எட்டத்தில் உட்காரவைத்துவிட்டு, இருக்கிறானா இல்லையா என்று ஒரு பகல் முழுக்க வாதாடினார்கள். ஓர் இளம் வேதாந்தி மட்டும், "கண்ணெதிர்ல கொட்டாவி விடறாரே, உயிரோட இருக்கார்னு ஒத்துக்கிட்டா என்ன?" என்றான். "தம்பி, ஒத்துக்கலாம். அப்ப ஹிதநாத்ஜி செஞ்ச காரியம் பொய்யா? இனிமே எவன் செய்யற திவசத்தை நம்புவே?" என்று மிசிர்ஜி கேட்டதும் உட்கார்ந்துவிட்டான்.

கடைசியில் மிசிர்ஜி தீர்ப்பு சொன்னார். செத்தவன் செத்தவன்தான். ஆனால் அவன் மறுபடி பிறக்கலாம், அதற்கு வழி இருக்கிறது. நெய்க் குடத்தில் முக்கி எடுத்து, பிறந்த குழந்தைக்குச் செய்கிற எல்லாவற்றையும் செய்ய வேண்டும். பேர் வைத்து, மொட்டை அடித்து, பூணூல் போட்டு, பிறகு பழைய மனைவியையே மறுபடி கல்யாணம் செய்துகொள்ளலாம். இருமல்காரன் புது மாப்பிள்ளை. ஊரே சிரித்தது. நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தேன்.

மறுநாளே சந்தைக்குப் போய்ச் சிவப்பு அரக்கு வளையல்கள் வாங்கினேன். மஞ்சள் புடவை எடுத்தேன். அண்ணி மறுபடியும் மீன் சாப்பிடுவாள், அவள் வகிட்டில் மறுபடியும் குங்குமம் ஏறும் என்று நினைக்க நினைக்க என் கால் தரையில் பாவவில்லை. அவளைக் கேட்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. இதில் கேட்பதற்கு என்ன இருக்கிறது?

அவள்தான் கேட்டாள். அப்பாவுக்குக் கஞ்சி கொண்டுவந்து வைத்துவிட்டு, முக்காட்டுக்குள்ளிருந்து, "மாமா, இந்தப் பிறப்பு நிஜமான பிறப்பா, ஒப்புக்கா?" என்றாள்.

அப்பாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "சடங்குல ஒப்புக்குன்னு ஒண்ணு கிடையாதும்மா. சொன்னபடி செஞ்சா ஆச்சு. உங்கப்பா இருந்தாலும் இதையேதான் சொல்லுவார்."

"சரி மாமா" என்றாள். அவள் சம்மதித்துவிட்டதாக அப்பா என்னிடம் சொன்னார்.

அந்த நாள் வந்தது. முற்றத்தில் கோலம் போட்டு, ஊர் விருந்துக்குச் சமைக்கிற பெரிய செப்புக் கொப்பரையைக் கொண்டுவந்து வைத்தார்கள். வெதுவெதுப்பான தண்ணீர், அதன்மேல் குடம் குடமாக நெய். லோசன் தாடியும் தலையும் மழித்து, ஒரு கோவணத்தோடு உள்ளே இறங்கி, முழங்காலை மடித்து, கட்டைவிரலை உள்ளே விட்டு முஷ்டியை மூடிக்கொண்டு குந்தினான். கண்ணைத் துணியால் கட்டி, கொப்பரையின் வாயையும் துணியால் மூடினார்கள். மந்திரம் ஆரம்பித்தது. உள்ளேயிருந்து இருமல் சத்தம் வந்தது. "குழந்தைக்குக் கர்ப்பத்துலேயே சளி பிடிச்சிருக்கு" என்று யாரோ சொல்ல, மிசிர்ஜிக்கே சிரிப்பு வந்துவிட்டது.

இதில் ஒரு முறை இருக்கிறது. எங்கள் பக்கத்தில் அப்படிப் பிறக்கிறவனை ஒரு பெண் ஈரத்துணி விரித்து மடியில் ஏந்த வேண்டும். ஏந்துகிறவள்தான் அம்மா. அவள்தான் தேனும் நெய்யும் நாக்கில் தடவி, காதில் பேர் சொல்ல வேண்டும். என் அம்மா எப்போதோ போய்விட்டாள். எங்கள் சித்தி வருவதாக இருந்தது. முதல் நாள் பெய்த மழையில் கமலா கரை புரண்டு ஓட, படகு விடவில்லை என்று ஆள் வந்து சொன்னான். முகூர்த்தமோ போய்க்கொண்டிருந்தது.

"மடி ஏந்தறவங்க யாரு? சீக்கிரம் உட்காரச் சொல்லுங்க" என்றார் மிசிர்ஜி, ஏட்டிலிருந்து கண்ணை எடுக்காமல்.

நான் யாரைக் கூப்பிடுவது என்று கூட்டத்தில் தேடிக்கொண்டிருந்தேன். அப்போது அடுக்களையிலிருந்து அண்ணி வந்தாள். குளித்த தலை, வெள்ளைப் புடவை. நேராகப் போய்ப் பலகையில் உட்கார்ந்து ஈரத்துணியை மடியில் விரித்தாள். எனக்கு விஷயம் உறைக்கவே இல்லை. பாவம், பார்க்கிற ஆசை பொறுக்கவில்லை போலிருக்கிறது என்று நினைத்தேன். கொப்பரையிலிருந்து தூக்கிய இரண்டு ஆட்களும் அவனைச் சுமந்துபோய், துணி விரித்த மடி எங்கே இருக்கிறதோ அங்கே தலையை வைத்துப் படுக்கவைத்தார்கள்.

அண்ணி தட்டில் தயாராக இருந்த மோதிரத்தைத் தேனிலும் நெய்யிலும் தோய்த்து அவன் நாக்கில் தடவினாள். குனிந்து காதில் ஏதோ பேர் சொன்னாள். பிறகு எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "என் மகனே, நூறு வருஷம் இரு" என்றாள். கண்கட்டை அவிழ்த்தாள்.

லோசன் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தான்.

மிசிர்ஜி கையிலிருந்து ஏடு நழுவியது. பல மாதங்களாகத் தானாக எழுந்து நிற்காத அப்பா கட்டிலை விட்டு எழுந்து நின்றார்.

"தாரா, என்னம்மா பண்ணினே?" என்றார் அப்பா.

"பிள்ளை பெத்தேன் மாமா."

"இது செல்லாது. விதவை உட்காரலாமா?" என்றார் மிசிர்ஜி.

"வயித்துல பிள்ளையோட விதவையானவ பெத்துக்கறதில்லையா பண்டிட்ஜி?"

"நீ இவன் பெண்டாட்டி."

"அவர் செத்துட்டார்னு நீங்கதானே சொன்னீங்க? இது புதுசா பிறந்தது. இப்பப் பிறந்த குழந்தைக்கு ஏது பெண்டாட்டி?"

"உன்னைக் கட்டிக்கப் போறவன்."

"பழைய மனைவியைக் கட்டிக்கலாம்னு அவருக்குச் சொல்லியிருக்கு. அவ கட்டிக்கிட்டே ஆகணும்னு எனக்குச் சொன்ன இடம் எது? காட்டுங்க, இப்பவே எழுந்துக்கறேன்."

மிசிர்ஜி விழுந்த ஏட்டை எடுத்துப் புரட்டினார். மற்றப் பண்டிதர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்த இளம் வேதாந்தி, "இன்னொரு தடவை கொப்பரையில இறக்கி, வேற யார் மடியிலயாவது..." என்று இழுத்தான்.

"ஒரு மனுஷன் எத்தனை தடவைடா பிறப்பான்?" என்று அப்பா கத்தினார். உடனே குரல் உடைந்துவிட்டது. "தர்ப்பையை எரிச்சதை மாத்த முடியாதுன்னு பெத்த பிள்ளையைக் கொட்டகையில உட்காரவெச்ச வாய் இது. இதை மட்டும் மாத்தலாம்னு சொல்லுமா? தாரா இவனுக்கு அம்மா. முடிஞ்சுபோச்சு."

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டான் என்பார்கள். எங்கள் வீட்டுப் பூசாரிக்கு அன்றைக்குத் தன் தலையிலேயே கை வைத்துக்கொள்ளும்படி ஆயிற்று. இனி அந்த வீட்டில் பேரன் என்ற பேச்சே இல்லை என்று அவருக்கு என்னைவிட நன்றாகத் தெரியும்.

லோசன் எழுந்திருக்கவே இல்லை. நெய் வழிகிற மொட்டைத் தலையை அவள் மடியில் வைத்தபடி கிடந்தான். பிறந்த குழந்தை அழ வேண்டும், அதுவும் முறை. பொய்யாக இரண்டு சத்தம் போட்டால் போதும் என்று முன்னமே அவனுக்குச் சொல்லி வைத்திருந்தார்கள். அவன் நிஜமாகவே அழுதான். நாற்பது வயதுக்காரன் வாய்விட்டு அழுவதைக் கேட்க முடியாமல் ஆண்களெல்லாம் தலையைக் குனிந்துகொண்டார்கள். அண்ணி தன் முந்தானையால் அவன் முகத்தில் வழிந்த நெய்யைத் துடைத்துவிட்டாள்.

நான் அவளை அடுக்களையில் பிடித்தேன். அரக்கு வளையல்களை அவள் முன்னால் வீசி எறிந்தேன். இரண்டு உடைந்தன.

"உனக்கு நெஞ்சு என்ன கருங்கல்லா? பழி வாங்கிட்டே இல்ல?"

"பழி வாங்கணும்னா வேற யார் மடியிலயாவது பிறக்கட்டும்னு விட்டுட்டு, அப்புறம் கட்டிக்க மாட்டேன்னு சொல்லியிருப்பேன்" என்றாள். குனிந்து உடைந்த துண்டுகளைப் பொறுக்கினாள். "இனிமே அவர் இந்த வீட்டை விட்டுப் போக வேண்டியதில்ல. நானும் போக வேண்டியதில்ல. எனக்குக் கொள்ளி வைக்க ஆளில்லைன்னு நீங்கெல்லாம் கவலைப்பட்டீங்க. இப்ப ஆள் இருக்கு."

"அதுக்குப் புருஷனாவே ஏத்துக்கிட்டிருக்கலாமே?"

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். "சோறு போடறதுல எனக்கு ஒரு கஷ்டமுமில்ல பாகே. மருந்து கொடுப்பேன், துணி துவைப்பேன். பக்கத்துல படுக்கத்தான் முடியாது. பன்னிரண்டு வருஷம் ஒவ்வொரு நாளும் அவருக்காகக் குங்குமம் வெச்சேன். நீங்க அழிச்ச அன்னிக்கு, சொன்னா அடிக்க வருவே, எனக்கு நல்லாத் தூக்கம் வந்தது."

அடிக்கத்தான் தோன்றியது. கை எழவில்லை. என் அண்ணனுக்காகத்தான் எனக்கு வயிறு எரிந்தது, ஆனால் அவள் சொன்னதில் எங்கே கையை வைத்துத் தப்பு என்பது? அன்றைக்கும் எனக்குத் தெரியவில்லை, இன்றைக்கும் தெரியவில்லை.

மூன்றாம் நாள் பூணூல். புதுப் பூணூலும் கையில் பலாசத் தண்டமுமாக லோசன் முற்றத்தில் நின்றான். பூணூல் போட்ட பையன் முதல் பிச்சையை அம்மாவிடம்தான் கேட்க வேண்டும். அண்ணி கூடை நிறைய அரிசியோடு எதிரில் வந்து நின்றாள். மிசிர்ஜி வாக்கியத்தை எடுத்துக்கொடுத்தார். லோசன் சொல்லவில்லை. அவளையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"தாரா" என்றான்.

எங்கள் ஊரில் பெரியவர்கள் முன்னால் எந்தப் புருஷனும் பெண்டாட்டியைப் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. கூடியிருந்த பெண்கள் மூச்சை இழுத்துக்கொண்டார்கள். அண்ணியின் முகம் ஒரு கணம் அப்படியே கலைந்துபோனது. கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

மிசிர்ஜி மறுபடி எடுத்துக்கொடுத்தார். லோசன் தண்டத்தைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு கையாலும் மேல்துணியை ஏந்தினான்.

"அம்மா, பிச்சை போடு" என்றான். வாக்கியம் சம்ஸ்கிருதத்தில் இருந்தது. அவன் எங்கள் வீட்டுப் பேச்சிலேயே கேட்டுவிட்டான்.

அண்ணி ஒரு கை அரிசி அள்ளிப் போட்டாள். முறைக்கு மூன்று கை போதும். அவள் நான்காவது கையும் போட்டாள். ஐந்தாவதும் போட்டாள். துணி நிறைந்து அரிசி அவன் கால்மேல் கொட்டியது. மிசிர்ஜி "போதும்மா" என்றார். அவளுக்குக் கேட்கவில்லை. கூடையில் அரிசி தீர்ந்துபோன பிறகும் வெறும் கையை உள்ளே விட்டு அள்ளி அள்ளி அவன் துணிக்குள் போட்டுக்கொண்டே இருந்தாள். நான் போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.